கன்சோல் விளையாட்டு கம்ப்யூட்டரில் ஓடலாமா?
மலையோரத் தமிழ் வீடுகளுக்கு வந்திருக்கும் புதுக் கேள்வி

கோடை விடுமுறை தொடங்கிவிட்டால் குமுளி, வண்டிப்பெரியாறு, மூணாறு, மறையூர் வட்டாரத்திலும் சரி, கொழிஞ்சாம்பாறை, சித்தூர், வேலந்தாவளம், கஞ்சிக்கோடு பக்கத்திலும் சரி, பிள்ளைகள் வீட்டில் கேட்கும் பொருள் மாறிவிட்டது. முன்பு சைக்கிள் கேட்டார்கள். இப்போது டி.வி.யில் மாட்டி விளையாடும் கன்சோல் பெட்டி கேட்கிறார்கள்.

கேட்பது சுலபம். வாங்குவது?

சோனி நிறுவனத்தின் ப்ளேஸ்டேஷன்-5 பெட்டி 2021 பிப்ரவரியில் இந்தியாவில் விற்பனைக்கு வந்தபோது அதன் விலை ரூ.49 ஆயிரத்து 990. 2015 செப்டம்பரில் மூணாறு வீதியில் உட்கார்ந்து போராடிய "பெம்பிளை ஒருமை" பெண்கள் கேட்ட நாட்கூலி ரூ.500. அவர்கள் கேட்டது அப்படியே கிடைத்தது என்று வைத்துக்கொண்டாலும், நூறு நாள் கொழுந்து கிள்ளிய கூலி முழுவதும் அந்தப் பெட்டிக்கே போய்விடும். கையில் மிச்சம் பத்து ரூபாய். விளையாட்டுத் தட்டுக்குத் தனிப் பணம்.

ஆகவே பையன்கள் வேறு வழி பார்க்கிறார்கள். வீட்டில் அக்காள் படிப்புக்காக வாங்கிய லேப்டாப் இருக்கிறது. "எமுலேட்டர் போட்டால் போதும், கன்சோல் விளையாட்டு எல்லாம் இதிலேயே ஓடும்" என்று கூட்டாளி சொல்கிறான். ஓடவும் செய்கிறது. வீட்டில் பெரியவர்களுக்கு இது தெரியவருவது பெரும்பாலும் லேப்டாப் படுத்த பிறகுதான்.

இது குற்றமா? ஆபத்தா? இரண்டும் தனித்தனிக் கேள்விகள். பலர் இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்கிறார்கள்.

மொழிபெயர்ப்பாளர் மாதிரி

சில விளையாட்டுகளை ஒரு கம்பெனியின் பெட்டியில் மட்டுமே ஓடும்படி செய்து விற்கிறார்கள். மேரியோ, செல்டா, போக்கிமான் வரிசையின் முக்கிய விளையாட்டுகள் எல்லாம் ஜப்பானிய நின்டெண்டோ கம்பெனியின் பெட்டிக்கே உரியவை. அந்தப் பெட்டியின் உள்ளே இருக்கும் யந்திரம் ஒரு பாஷை பேசுகிறது. நம் கம்ப்யூட்டர் வேறு பாஷை பேசுகிறது. தட்டை அப்படியே கம்ப்யூட்டரில் போட்டால் ஒன்றும் விளங்காது.

தேவிகுளம் தாலுகா ஆபீசுக்குப் போகும் எஸ்டேட் தொழிலாளிக்குத் தமிழ்தான் தெரியும்; அங்கே காகிதம் மலையாளத்தில் இருக்கும். நடுவில் ஒருவர் உட்கார்ந்து இவர் சொல்வதை மலையாளத்தில் எழுதிக் கொடுப்பார். அங்கே சொல்வதைத் தமிழில் சொல்வார். எமுலேட்டர் என்பது அந்த ஆள்தான். விளையாட்டு கன்சோலின் பாஷையில் கட்டளை போடுகிறது. எமுலேட்டர் அதைக் கம்ப்யூட்டருக்குப் புரியும்படி மாற்றிக் கொடுக்கிறது. நொடிக்குக் கோடிக்கணக்கான தடவை இந்த வேலை நடக்கவேண்டும். அதனால்தான் பழைய பெட்டியின் விளையாட்டு சாதாரணக் கம்ப்யூட்டரிலும் ஓடுகிறது. புதிய பெட்டியின் விளையாட்டுக்கு வலுவான கம்ப்யூட்டர் வேண்டியிருக்கிறது.

மனு எழுதிக் கொடுப்பவர் குற்றவாளியா? இல்லை. மனுவில் இருக்கும் விஷயம் திருட்டு என்றால் அது வேறு சங்கதி. இந்த வித்தியாசத்தைப் பிடித்துக்கொண்டால் சட்டம் பாதி புரிந்த மாதிரி.

கோர்ட்டு ஏறிய கதை

இதைப் பற்றிய பெரிய வழக்கு அமெரிக்காவில் நடந்தது. 1999 ஜனவரியில் கனெக்டிக்ஸ் என்ற சிறிய கம்பெனி, சோனியின் ப்ளேஸ்டேஷன் விளையாட்டுகளை ஆப்பிள் கம்ப்யூட்டரில் ஓட்டும் ஒரு எமுலேட்டரை மேடையில் ஓட்டிக்காட்டியது. அதே மாதத்தில் சோனி வழக்குப் போட்டது.

சோனியின் வாதம் சாமானியமானதல்ல. எமுலேட்டரைச் செய்யும்போது கனெக்டிக்ஸ் ஆட்கள் ப்ளேஸ்டேஷன் பெட்டிக்குள் இருக்கும் ஆதாரப் புரோகிராமை - "பயாஸ்" என்பார்கள் - நகல் எடுத்து வைத்துக்கொண்டு ஆராய்ந்தார்கள். அதை அவர்களும் மறுக்கவில்லை. கீழ்க்கோர்ட்டு விற்பனைக்குத் தடை போட்டது.

2000 பிப்ரவரி 10-ந் தேதி அப்பீல் கோர்ட்டு அந்தத் தடையை ரத்துசெய்தது. ஆராய்ச்சிக்காக நகல் எடுத்தது நியாயமான உபயோகமே. முடிவில் விற்ற பொருளில் சோனியின் எழுத்து ஒன்றுகூட இல்லை. ஆகவே அது புதிதாகச் செய்த சொந்தப் பொருள் என்பது தீர்ப்பின் சாரம். ப்ளீம் என்ற இன்னொரு எமுலேட்டர் கம்பெனியும் அதே ஆண்டில் அப்பீலில் ஜெயித்தது.

ஆனால் ஜெயித்தவர்கள் கதி என்ன? கனெக்டிக்சின் எமுலேட்டரை 2001-ல் சோனியே விலைக்கு வாங்கி நிறுத்திவிட்டது. ப்ளீம் கம்பெனி வக்கீல் செலவு தாங்காமல் அதே ஆண்டில் கதவைச் சாத்தியது. சட்டம் ஒரு பக்கம் இருக்க, பணம் தீர்மானித்த காரியம் இது.

சமீபத்தில் நடந்தது வேறு மாதிரி. நின்டெண்டோவின் ஸ்விட்ச் பெட்டி விளையாட்டுகளைக் கம்ப்யூட்டரில் ஓட்ட "யூசூ" என்ற எமுலேட்டர் வந்தது. 2023 மே 12-ந் தேதி வெளியாக வேண்டிய செல்டா விளையாட்டு ஒன்று முன்கூட்டியே கசிந்து, வெளியீட்டுத் தேதிக்கு முன்பே 10 லட்சம் தடவைக்கு மேல் இறக்கப்பட்டது என்று நின்டெண்டோ குற்றம் சாட்டியது. யூசூ குழுவுக்கு ஆதரவாளர்களிடமிருந்து மாதம் சுமார் 30 ஆயிரம் டாலர் வந்துகொண்டிருந்தது என்றும் வழக்கு மனுவில் சொன்னது. 2024 பிப்ரவரி 26-ந் தேதி வழக்கு. மார்ச் 4-ந் தேதி சமரசம். யூசூ தரப்பு 24 லட்சம் டாலர் கொடுக்க ஒப்புக்கொண்டு கடையைக் கட்டியது. அதே ஆண்டு அக்டோபரில் "ரியூஜின்க்ஸ்" என்ற இன்னொரு ஸ்விட்ச் எமுலேட்டரும் நின்டெண்டோவின் தலையீட்டுக்குப் பின் நின்றுபோயிற்று.

இதைப் பார்த்துவிட்டு "எமுலேட்டரே சட்டவிரோதம் என்று தீர்ப்பாகிவிட்டது" என்று பலர் பேசுகிறார்கள். அப்படியில்லை. யூசூ விஷயத்தில் விசாரணையே நடக்கவில்லை, நடந்தது சமரசம். அங்கே நின்டெண்டோ பிடித்த பிடி எமுலேட்டர் என்பதல்ல. விளையாட்டுக்குப் போட்ட பூட்டை உடைக்கும் சாவி இல்லாமல் அது ஓடாது என்பதுதான். பூட்டை உடைப்பதே குற்றம் என்று அமெரிக்காவில் 1998-ல் ஒரு சட்டம் வந்தது. பழைய ப்ளேஸ்டேஷன் வழக்கில் அந்தப் பேச்சு எழவில்லை. 2024 ஏப்ரலில் ஆப்பிள் கம்பெனியே தன் ஐபோன் கடையில் பழைய விளையாட்டு எமுலேட்டர்களுக்கு இடம் கொடுத்தது என்பதையும் கவனிக்கவேண்டும்.

நம் நாட்டுச் சட்டம்

வாளையாறு சோதனைச்சாவடிக்கு இந்தப் பக்கம் ஒரு சட்டம், அந்தப் பக்கம் ஒரு சட்டம் என்பது இதில் கிடையாது. 1957-ம் ஆண்டு காப்புரிமைச் சட்டம் மத்தியச் சட்டம். கம்பத்திலும் அதுதான், கட்டப்பனையிலும் அதுதான்.

விளையாட்டும் ஒரு கம்ப்யூட்டர் புரோகிராம். அந்தச் சட்டத்தின் 52-வது பிரிவு எதெல்லாம் குற்றமில்லை என்று பட்டியல் போடுகிறது. அதில் கம்ப்யூட்டர் புரோகிராம் பற்றி வரும் உட்பிரிவுகள் சாதாரண ஜனங்களுக்கு ஆச்சரியமாக இருக்கும். முறையாக வாங்கி வைத்திருப்பவர் கெட்டுப்போகாமல் இருக்க ஒரு காப்பு நகல் எடுக்கலாம். ஒரு புரோகிராம் எப்படி வேலை செய்கிறது என்று பார்த்து, சோதித்து, அதன் தத்துவத்தைத் தெரிந்துகொள்ளலாம். தனியாக எழுதிய வேறொரு புரோகிராமோடு அது சேர்ந்து ஓடுவதற்குத் தேவையான தகவலை, வேறு விதத்தில் எளிதாகக் கிடைக்காத பட்சத்தில், ஆராய்ந்து எடுக்கலாம். எமுலேட்டர் எழுதுகிறவனுக்கு இது முக்கியம்.

விளையாடுகிறவனுக்கு முக்கியமானது இன்னொன்று. தானே முறைப்படி பெற்ற பிரதியிலிருந்து, வியாபாரத்துக்கு அல்லாமல் சொந்த உபயோகத்துக்காக, நகல் எடுக்கவோ மாற்றியமைக்கவோ செய்யலாம் என்று அதே பிரிவு சொல்கிறது. 1999-ல் சேர்த்த வாசகம் இது. "தானே முறைப்படி பெற்ற" என்ற வார்த்தையில்தான் எல்லாம் இருக்கிறது. தட்டு உன்னுடையது, நகலும் நீ எடுத்தது, விளையாடுவதும் நீ. சரி. தட்டு இல்லை, எவனோ எடுத்த நகலை எங்கிருந்தோ இறக்கினேன் என்றால் இந்தப் பிரிவு கை கொடுக்காது. கன்சோலின் பயாஸ் புரோகிராமுக்கும் இதே கணக்குத்தான்.

பூட்டு உடைக்கும் விஷயத்தில் நம் சட்டம் அமெரிக்கச் சட்டத்தைவிடச் சற்று இளகியது. 2012 திருத்தத்தில் வந்த 65-ஏ பிரிவு, உரிமையை மீறும் எண்ணத்தோடு பூட்டை உடைத்தால் 2 ஆண்டுவரை ஜெயில், அபராதம் என்கிறது. எண்ணம் என்ன என்பது இங்கே கேள்வி. சட்டம் வெளிப்படையாகத் தடுக்காத காரியத்துக்காகச் செய்தால் குற்றமில்லை என்றும் சொல்கிறது.

பிள்ளைகள் மத்தியில் உலவும் சில கதைகள் சுத்தப் பொய். இறக்கிய விளையாட்டை 24 மணி நேரத்துக்குள் அழித்துவிட்டால் குற்றமில்லை என்பது ஒன்று. அப்படி ஒரு விதி எந்தச் சட்டத்திலும் இல்லை. பழைய விளையாட்டு, கம்பெனியே விற்பதை நிறுத்திவிட்டது, ஆகவே யாரும் எடுக்கலாம் என்பது இன்னொன்று. விற்பதை நிறுத்தினால் உரிமை போய்விடாது. 1985-ல் வந்த சூப்பர் மேரியோவுக்கு இன்றும் சொந்தக்காரர் நின்டெண்டோதான்.

"பென் டிரைவ் கொடு தம்பி"

செல்போன் கடையிலோ சர்வீஸ் கடையிலோ நடக்கும் பேச்சு ஊருக்கு ஊர் ஒன்றுதான்.

"அண்ணே, புது செல்டா இருக்கா?"

"இருக்கு தம்பி. பென் டிரைவ் கொடு. நூறு ரூபா. எமுலேட்டரும் சேத்துப் போட்டுத் தாரேன்."

சினிமாப் படம் ஏற்றிக் கொடுத்த காலத்துப் பழக்கம் இது. இதில் கடைக்காரர் நிற்கும் இடம் வேறு, பையன் நிற்கும் இடம் வேறு.

கடைக்காரர் காசுக்குச் செய்கிறார். 63-வது பிரிவின்படி குறைந்தது 6 மாதம், அதிகபட்சம் 3 ஆண்டு ஜெயில், ரூ.50 ஆயிரம் முதல் ரூ.2 லட்சம் வரை அபராதம். இந்தக் குற்றத்தில் வாரண்டு இல்லாமலே கைது செய்யலாம், ஜாமீன் என்பது உரிமையல்ல என்று 2022 மே மாதம் சுப்ரீம் கோர்ட்டு தெளிவாகச் சொல்லிவிட்டது. சப்-இன்ஸ்பெக்டர் அந்தஸ்துக்குக் குறையாத அதிகாரி நகல்களையும் அதற்கு உபயோகித்த கருவிகளையும் கைப்பற்றலாம். கடைக் கம்ப்யூட்டர் போனால் கடையே போன மாதிரிதான்.

65-ஏ பிரிவில் கடைக்காரர்கள் கவனிக்காத ஒரு வரி இருக்கிறது. நியாயமான காரியத்துக்காகவே ஒருவருக்குப் பூட்டைத் திறந்து கொடுத்தாலும், அவருடைய பெயர், விலாசம், அடையாள விவரம், என்ன காரியத்துக்கு என்பதெல்லாம் எழுதி வைத்திருக்கவேண்டும். அப்படி ஒரு நோட்டுப் புத்தகத்தை எந்தக் கடையில் பார்க்க முடியும்?

பையன் விஷயத்தில் 63-பி பிரிவு வருகிறது. திருட்டு நகல் என்று தெரிந்தே கம்ப்யூட்டரில் ஓட்டினால் 7 நாள் முதல் 3 ஆண்டு வரை ஜெயில் என்பது பொது விதி. ஆனால் லாபத்துக்காகவோ தொழிலுக்காகவோ அல்ல என்றால், ஜெயில் இல்லாமல் ரூ.50 ஆயிரத்துக்கு மேற்படாத அபராதத்தோடு விட கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. சட்டம் செய்தவர்கள் வீட்டில் விளையாடும் பிள்ளையையும் விற்றுப் பிழைப்பவனையும் ஒரே தராசில் வைக்கவில்லை.

எல்லை தாண்டிவிட்டால் தப்பித்தோம் என்று நினைப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. 2018 மார்ச்சில் "தமிழ் ராக்கர்ஸ்" திருட்டுப்பட விவகாரத்தில் தமிழ்நாட்டைச் சேர்ந்தவர்களைக் கைது செய்தது கேரளப் போலீஸ்.

லேப்டாப்புக்கு வரும் கேடு

போலீஸ் வீட்டுக் கதவைத் தட்டுவது அபூர்வம். இந்தக் கேடு அபூர்வமல்ல.

வீட்டில் இருப்பது ஒரே ஒரு லேப்டாப். பி.எஸ்.சி. தேர்வுக்கு அக்காள் விண்ணப்பம் போடும் "துளசி" கணக்கின் பாஸ்வேர்டு அதில் இருக்கிறது. அப்பாவின் பாங்கிக் கணக்கு அதில் திறக்கப்படுகிறது. ஆதார், சாதிச் சான்று, ரேஷன் கார்டு எல்லாம் படம் எடுத்து அதில் போட்டிருக்கிறார்கள். தம்பி அதே லேப்டாப்பில் முகவரி தெரியாத இடத்திலிருந்து ஒரு பொட்டலத்தை இறக்குகிறான். "முதலில் ஆன்டி வைரசை நிறுத்திவிடு" என்று அதில் எழுதியிருக்கிறது. அவனும் நிறுத்துகிறான். திருடனே வந்து நாயைக் கட்டிப்போடச் சொல்கிறான், வீட்டுக்காரரும் கட்டிப்போடுகிறார்!

விளையாட்டு ஓடும். அதனால் சந்தேகம் வராது. 2023 ஜூனில் வெளிவந்த விஷயம் இதற்கு நல்ல உதாரணம். ரசிகர்கள் செய்து இலவசமாக விட்ட ஒரு மேரியோ விளையாட்டின் பொட்டலத்தில் எவரோ விஷம் கலந்து பரப்பிவிட்டார்கள். சைபிள் என்ற பாதுகாப்பு நிறுவனம் அதைக் கண்டுபிடித்தது. விளையாட்டு ஒழுங்காக நிறுவப்படும். அதோடு இரண்டு காரியம் பின்னால் நடக்கும். ஒன்று, கம்ப்யூட்டரின் சக்தியை உறிஞ்சி வேறொருவனுக்கு மொனேரோ என்ற கிரிப்டோ நாணயம் தயாரிப்பது. மற்றது, பிரவுசரில் சேமித்து வைத்த பாஸ்வேர்டுகளைத் திருடி அனுப்புவது. முதலாவது கரண்ட் பில்லிலும் லேப்டாப் சூட்டிலும் தெரியும். இரண்டாவது பாங்கிக் கணக்கில் தெரியும்.

"ப்ளேஸ்டேஷன்-5 எமுலேட்டர்" என்று பெயர் போட்டு வருவது எதையும் நம்பவேண்டாம். அந்தப் பெட்டியின் பெரிய விளையாட்டுகளை உருப்படியாக ஓட்டும் எமுலேட்டர் இன்றைய தேதியில் கிடையாது. யூசூ நின்றுபோன பிறகு அதே பெயரில் உலவுகிறவற்றின் பிறப்பிடம் யாருக்கும் நிச்சயமில்லை. பழைய விளையாட்டின் நகல் என்பது வெறும் தகவல் ஃபைல். அது தானாக ஓடாது. விளையாட்டு என்று சொல்லிக்கொண்டு இ.எக்ஸ்.இ. என்று முடியும் ஃபைல் வந்தால் அது விளையாட்டல்ல, வேறு எதுவோ. விண்டோஸ்-10க்கு வழக்கமான ஆதரவை மைக்ரோசாப்ட் 2025 அக்டோபர் 14-ந் தேதியோடு நிறுத்திவிட்டதால், அதை வைத்திருக்கும் பழைய லேப்டாப்புகளுக்கு இந்த அபாயம் இன்னும் கூடுதல்.

பணம் போய்விட்டால் உடனே 1930 என்ற எண்ணுக்குப் பேசவேண்டும். மணிக்கணக்கில் யோசித்தால் பணம் கை மாறிவிடும். கடை கம்பத்தில், வீடு குமுளியில் என்றால் எந்த ஸ்டேஷன் என்று அலைய வேண்டியதில்லை. 2024 ஜூலை 1-ந் தேதி அமலுக்கு வந்த புதிய நடைமுறைச் சட்டப்படி, குற்றம் எங்கே நடந்திருந்தாலும் அருகில் உள்ள ஸ்டேஷனில் புகாரை வாங்கிப் பதிவு செய்யவேண்டும்.

கம்பெனிகள் பக்கமும் குறை உண்டு

பையன்களை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. நின்டெண்டோ ஸ்விட்ச் பெட்டியை அந்தக் கம்பெனி இந்தியாவில் முறைப்படி வெளியிடவே இல்லை. இறக்குமதியாக வந்ததைத்தான் வாங்கவேண்டும். காசு கொடுக்கத் தயாராக இருப்பவனுக்கும் நேர் வழி காட்டாதவர்கள், குறுக்கு வழியில் போனான் என்று கோபிக்கிறார்கள்.

பழைய விளையாட்டுகளின் நிலை இன்னும் மோசம். அமெரிக்காவில் 2010-க்கு முன் வெளிவந்தவற்றில் 87 சதவீதம் இன்று கடையில் முறைப்படி கிடைப்பதில்லை என்று வீடியோ விளையாட்டு வரலாற்று அறக்கட்டளை 2023-ல் கணக்கெடுத்துச் சொன்னது. நூலகங்கள் ஆராய்ச்சியாளருக்குத் தூரத்திலிருந்து இவற்றைக் காட்டவாவது அனுமதி கேட்டபோது, 2024 அக்டோபரில் அமெரிக்கக் காப்புரிமை அலுவலகம் முடியாது என்றுவிட்டது.

நேர் வழி அறவே இல்லை என்றும் சொல்ல முடியாது. 2020 முதல் சோனியே தன் விளையாட்டுகளைக் கம்ப்யூட்டருக்கு வெளியிட்டு வருகிறது. காட் ஆஃப் வார், ஸ்பைடர்மேன், கோஸ்ட் ஆஃப் சுஷிமா எல்லாம் இப்போது கம்ப்யூட்டரிலேயே வாங்கி விளையாடலாம். தள்ளுபடிக் காலத்தில் விலை பாதிக்கும் கீழே இறங்குவதுண்டு. கேரளப் பள்ளிகளில் பிள்ளைகள் படிக்கும் லினக்ஸ் கம்ப்யூட்டரிலேயே டால்ஃபின், பி.சி.எஸ்.எக்ஸ்-2 போன்ற எமுலேட்டர்கள் ஓடும். அவற்றை எழுதியவர்களின் சொந்தத் தளத்திலிருந்து இலவசமாக எடுக்கலாம். அதில் குற்றமில்லை. எதைப் போட்டு ஓட்டுகிறோம் என்பதில்தான் வில்லங்கம்.

நம் நாட்டிலும் ப்ளேஸ்டேஷன்-2 பெட்டிக்கென்றே விளையாட்டுகள் செய்தார்கள். 2009-ல் ஐதராபாத்தில் தயாரான "ஹனுமான்: பாய் வாரியர்" அவற்றில் ஒன்று. கோலி, கபடி, பட்டம் என்று நம் தெருவிளையாட்டுகளை வைத்து அதே ஆண்டில் "தேசி அட்டா" வந்தது. அந்தப் பெட்டியும் இன்று கடையில் இல்லை, விளையாட்டும் இல்லை. யாராவது ஒருவர் வீட்டு அலமாரியில் அந்தத் தட்டும், ஓடாமல் தூசி படிந்த பெட்டியும் கிடக்கலாம். பெட்டிக்கு இன்னும் உயிர் இருந்தால் அதன் பயாசை நகல் எடுத்துக்கொள்ள வழி இருக்கிறது. அப்புறம் கம்ப்யூட்டரில் தட்டைப் போட்டு எமுலேட்டரைத் திறக்கவேண்டியதுதான். சட்டத்தின் 52-வது பிரிவு அவர் பக்கம் நிற்கும். புது லேப்டாப்புகளில் தட்டுப் போடும் இடமே வருவதில்லை என்பதால், வெளியே மாட்டும் டி.வி.டி. டிரைவ் ஒன்று தனியாக வாங்கவேண்டியிருக்கும்.